தரையில் ஒரு வெள்ளைச் சதுரம்

எங்கள் எதிர்வீட்டு மியோங்சிம்முக்கு வளைந்து கொடுக்கத் தெரியாது. இருபத்திரண்டு வருடம் பள்ளிக்கூடச் சமையலறையில் அண்டா தூக்கியவள். போன பனிக்காலத்தில் கணவர் இறந்தார். கோடையில் ஒரு வெள்ளை நாய்க்குட்டியைக் கொண்டுவந்து, சோயாக் கட்டி மாதிரி வெள்ளையாக இருந்ததால் தூபு என்றே பெயர் வைத்தாள்.

வீடோ கணவரின் அண்ணன் ஜோங்தேக் பெயரில். குட்டியைக் கண்டதும் மனுஷன் மூக்கைப் பொத்திக்கொண்டார்.

"சூசோக் அறுவடைப் பண்டிகைக்குத் தம்பிக்குப் படையல் போட வருவேன். அன்னைக்கு இது மூத்திரம் ஒரு சொட்டு தரையில சிந்துச்சு, காங்வாவுல இருக்கிற என் தோட்டத்துல கொண்டுபோய்க் கட்டிப்போட்ருவேன்."

"சிந்துனா கொண்டுபோங்க அத்தான். சிந்தாது."

வாயைக் கொடுத்துவிட்டாளே என்று நினைத்தேன். அந்தக் குட்டியை விட்டால் அவளுக்குப் பேச்சுத் துணைக்கு வேறு யார் இருக்கிறார்கள்?

அன்றே கூடம் முழுக்க மூத்திரத்தை உறிஞ்சும் ஆறு வெள்ளைச் சதுரப் பேடுகளை விரித்தாள். குட்டி பேடுக்கு வெளியே போனால் திட்டவில்லை. வினிகர்த் தண்ணீரில் துடைத்தாள். பேடில் போனால் மூன்று நொடிக்குள் ஒரு நார் காய்ந்த மீன். "லேட்டானா எதுக்குக் குடுத்தோம்னு அதுக்குப் புரியாதுக்கா," என்பாள். வாரம் ஒரு பேடாகக் குறைத்து, கடைசி ஒன்றைப் பால்கனிக்குத் தள்ளினாள். தூபுவும் அங்கேயே போகப் பழகியது. பழகாது என்று சந்தேகப்பட்ட நானே ஒப்புக்கொண்டேன்.

பண்டிகைக் காலை ஜோங்தேக் கோட்டு சூட்டோடு வந்தார். நானும் அவளும் அடுப்படியில் மீன் துண்டுகளை மாவில் புரட்டி முட்டையில் தோய்த்துப் பொரித்துக்கொண்டிருந்தோம். படையல் மேசைக்கு முன்னால், மண்டியிட்டுக் கும்பிட வெள்ளை உறை போட்ட சதுர மெத்தையை அவரே விரித்தார். காற்றில் மெழுகுவர்த்தி அணைகிறதென்று பால்கனிக் கதவையும் இழுத்துச் சாத்தினார்.

தூபு போய்க் கதவைப் பிறாண்டியது.

"அத்தான், கொஞ்சம் தொறந்து விடுங்க. என் கை ரெண்டும் மாவு."

"கும்பிட்டு முடிக்கிற வரைக்கும் அடக்கட்டும்!"

முதல் கும்பிடு முடிந்து எழுந்து, மெத்தைக்கு ஓரடி பின்னால் நின்று கண்ணை மூடினார். குட்டி கூடத்தைச் சுற்றிப் பார்த்தது. தரையில் ஒரே ஒரு வெள்ளைச் சதுரம். நடுவில் போய்க் குந்தி, வேலையை முடித்துவிட்டு விலகியது. இரண்டாவது கும்பிடுக்கு அவர் முழங்காலைப் பதித்தார். சளக்!

"ஐயோ! என் பேன்ட்டு! இந்தச் சனியனை இப்பவே வண்டியில ஏத்துறேன்!"

அடுப்பை அணைத்துவிட்டு வந்தாள் மியோங்சிம். மெத்தையைத் தூக்கி, அடியில் தரையைக் கையால் தடவிக் காட்டினாள்.

"தரையில ஒரு சொட்டு இருக்கா? வெள்ளையா, சதுரமா விரிச்சிருந்தா அதுலதான் போகணும்னு நான் சொல்லிக்குடுத்தேன். அது அதுபடி நடந்திருக்கு. அது போற கதவைச் சாத்துனது யாரு?"

"இது என் வீடு, ஞாபகம் இருக்கட்டும்!"

"வீட்டை வேணா எடுத்துக்கோங்க. குட்டியைத் தொட்டீங்க, நானும் அதோட வெளிய போயிடுவேன். அப்புறம் உங்க தம்பிக்கு நீங்களே உக்காந்து மீன் பொரிங்க."

அவர் ஈரப் பேன்ட்டோடு என்னைப் பார்த்தார், பஞ்சாயத்துக்கு. நான் கரண்டியைக் கீழே வைக்கவில்லை.

அவள் படையல் மேசைக்குப் போனாள். கணவர் படத்துக்கு முன்னால் வைத்திருந்த காய்ந்த மீனில் ஒரு நாரைப் பிய்த்தாள். படையல் முடியும் முன்னே அதில் கை வைப்பது ஊரில் யாரும் செய்யாத காரியம்.

"மூணு நொடி எப்பவோ தாண்டிடுச்சுடா," என்று தூபுவின் வாயில் வைத்தாள். "இருந்தாலும் சாப்பிடு. நீ சரியாத்தான் போன."