ஜிமிக்கிப்பூவுக்கு நல்ல தண்ணீர்

மருமகள் எங்கள் வீட்டுக்கு வந்தபோது மடியில் ஒரு தொட்டி, காலடியில் இரண்டு. கொடைக்கானலிலிருந்து சாயல்குடிப் பக்கம் எங்கள் ஊர் வரைக்கும் பஸ் மாறி மாறி வந்தவள், பெட்டியை என் மகனிடம் கொடுத்துவிட்டாள். தொட்டிகளை மட்டும் யாரையும் தொட விடவில்லை. ஃபியூஷியா என்று பெயராம். அவள் ஜிமிக்கிப்பூ என்றுதான் சொன்னாள். மேலே சிவப்பு இதழ், உள்ளே கத்தரிப்பூ நிறத்தில் இன்னொரு அடுக்கு, தலைகீழாகத் தொங்கும்.

"எங்க அம்மா வீட்டு வேலி முழுக்க இதுதான் அத்தை. லேசுல சாகாது. பனியில கருகிப்போனாக்கூட வேர்லருந்து திரும்ப வந்துரும்."

"இங்கன பனிக்கு எங்க போறது தாயி? வெயில்தான் இருக்கு" என்றேன்.

மகன் மலையில் வேன் ஓட்டிக்கொண்டிருந்தபோது பழகிய பெண். கல்யாணத்துக்குப் பிறகு அவன் ராமநாதபுரத்தில் ஒருவரிடம் வண்டி ஓட்டச் சேர்ந்திருந்தான். விடியுமுன் போனால் இருட்டித்தான் வருவான். பகல் முழுக்க அவளுக்குப் பேச்சுத்துணை அந்தச் செடிகள்தான். நான் பள்ளிக்கூடத்துச் சத்துணவுச் சமையலை முடித்து, அடுப்புச் சூட்டோடு வீடு வந்தால் படுக்கத்தான் தோன்றும். பேச எனக்கு எங்கே தெம்பு?

கார்த்திகை, மார்கழியில் வடக்குச் சுவரோரம் அவை நன்றாகவே பூத்தன. மாசி பிறந்ததும் மொட்டுகள் விரியாமலே உதிர ஆரம்பித்தன. பங்குனியில் வளைகாப்பு முடிந்து அவளைத் தாய்வீட்டுக்கு அழைத்துப் போனார்கள். பஸ் ஏறும்போது என் கையைப் பிடித்துக்கொண்டு, "செடிய மட்டும் பாத்துக்கங்க அத்தை" என்றாள். மகனைப் பார்த்துக்கொள்ளச் சொல்லவில்லை. எனக்குச் சிரிப்பும் வந்தது, அலுப்பும் வந்தது.

எங்கள் வீட்டு போர் தண்ணீர் உப்பு. பாத்திரம் கழுவலாம், வாயில் வைக்க முடியாது. அதைத்தான் முதலில் ஊற்றினேன். இலை ஓரமெல்லாம் தீய்ந்த அப்பளம் மாதிரி ஆகிவிட்டது. பிறகு தெருக்குழாயிலிருந்து தள்ளுவண்டியில் கொண்டுவரும் குடிதண்ணீரில் எடுத்து ஊற்றினேன். மிளகாய்க் காட்டிலிருந்து திரும்பிய என் வீட்டுக்காரர் அதைப் பார்த்துவிட்டார்.

"ஏ புள்ள, அங்கன கொல்லையில மொளகாச் செடி தண்ணியில்லாமக் காயுது. நீ பூவுக்கு நல்ல தண்ணி ஊத்துறியோ?"

"உங்க மருமக செடி. நீங்களே போன் போட்டு ஊத்த மாட்டேன்னு சொல்லுங்க."

அவர் துண்டை உதறிக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

மத்தியானம் பள்ளியிலிருந்து வந்து பார்த்தால் ஒரு செடி துவண்டு தொங்கும். தாகம் என்று நினைத்து ஊற்றுவேன். மறுநாளும் துவளும், மறுநாளும் ஊற்றுவேன். ஒருநாள் தண்டைத் தொட்டதும் கையோடு வந்துவிட்டது. அடியில் வேர் அழுகி நாற்றம். மருமகளுக்குப் போனில் சொன்னேன்.

"சூட்டுக்குத் தலை தொங்கும் அத்தை, தாகத்துக்கில்ல. மண்ணுல விரல விட்டுப் பாருங்க. ஈரம் இருந்தா ஊத்தாதீங்க."

விரலை விட்டுப் பார்த்துப் பார்த்து ஊற்றினேன். இரண்டாவதும் போயிற்று. கவிழ்த்துப் பார்த்தேன், கருப்புத் தொட்டி வெக்கையை வாங்கி, ஓரத்து வேரெல்லாம் வெந்து பழுப்பாக ஒட்டியிருந்தது. சுவர் நிழலிலேயே அந்தச் சூடு. அன்று முழங்கால் வலி வேறு. அப்படியே தரையில் உட்கார்ந்து, மிச்சமிருந்த ஒன்றைப் பார்த்து, "நீயும் போயேன், எனக்கு வேலை மிச்சம்" என்று வாய்விட்டே சொன்னேன்.

வீட்டுக்காரர் காதில் அது விழுந்திருக்க வேண்டும். சாயங்காலம் ஒரு பழைய மண்தாழியை உருட்டிக்கொண்டு வந்தார். அடியில் செங்கல் வைத்து, அதன்மேல் செடித் தொட்டியை இறக்கி, சுற்றிலும் மணலைப் போட்டார். மேலே பனையோலையில் ஒரு தட்டி.

"மணலுக்கு உப்புத் தண்ணிய ஊத்து. செடிக்கு நல்ல தண்ணி ஒரு சொம்பு போதும்" என்றார்.

கிளைகளை வெட்டிவிடச் சொல்லி மருமகள் போனில் சொன்னாள். வெட்டினேன். சித்திரை, வைகாசி, ஆனி முழுக்க அது வெறும் குச்சியாக நின்றது. அடுத்த வீட்டுக்காரி, "குச்சிக்கு எதுக்குக்கா தண்ணி ஊத்துறீக?" என்று கேட்டாள். எனக்கும் தெரியவில்லை. வேலை முடித்து வந்து, ஈர மணலால் குளிர்ந்திருக்கும் அந்தத் தாழியில் பாதங்களை ஒட்டி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். அந்தக் கோடையில் எனக்குக் கிடைத்த சுகம் அது ஒன்றுதான்.

ஆனிக் கடைசியில் பேத்தி பிறந்தாள். ஐப்பசி மழை தொடங்கியதும் குச்சியின் கணுக்களில் துளிர் தெரிந்தது. கார்த்திகையில் பிள்ளையோடு அவள் வந்தபோது நாலைந்து பூ தொங்கிக்கொண்டிருந்தது. பிள்ளையை என்னிடம் கொடுத்துவிட்டுச் செடியின் முன் குத்துக்காலிட்டு உட்கார்ந்தாள். இலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அழுதாள் என்று நினைக்கிறேன், நான் கேட்கவில்லை.

சாப்பிட உட்கார்ந்தபோதுதான் மகன் சொன்னான். மலையிலேயே பழைய முதலாளி கூப்பிடுகிறாராம். தை பிறந்ததும் குடும்பத்தோடு அங்கேயே போகிறார்களாம்.

"ஏலே, இத வரும்போதே சொல்றதுக்கென்ன?" என்று அவன் அய்யா கேட்டார்.

போகிற நாளில் தாழியிலிருந்து தொட்டியை எடுத்துத் துடைத்து, வாசலில் கொண்டுவந்து வைத்தேன். மருமகள் தலையை ஆட்டினாள்.

"வேணாம் அத்தை. அங்க எங்க பாத்தாலும் இதுதான். இது இங்க பழகிருச்சு. உங்ககிட்டயே இருக்கட்டும்."

அவள் அதை ஒரு பரிசு மாதிரித்தான் சொன்னாள். எனக்கு வரப்போகிற மாசியும் பங்குனியும்தான் கண்ணில் தெரிந்தன. பேத்தி வண்டிச் சன்னலில் கையை அடித்து அடித்துச் சிரித்தாள். வண்டி திரும்பியதும் வீட்டுக்காரர் தொட்டியைத் தூக்கிப்போய் மறுபடி மணலுக்குள் இறக்கினார்.

அன்றைக்கு நான் அதற்குத் தண்ணீர் ஊற்றவில்லை. மறுநாள் காலையில் விரலை விட்டுப் பார்த்தேன். காய்ந்திருந்தது. ஊற்றினேன்.