இரண்டு நாள் வைத்த சீம்பால்

ஐம்பதுகளின் நடுவில் ஒரு சித்திரை மாதம், என் தம்பி பினாங்கிலிருந்து ஊருக்கு வந்தான். அங்கே ரப்பர் தோட்டத்தில் அவனுக்கு வேலை. ஆறு வருஷம் கழித்து இரண்டு மாத லீவு கிடைத்திருந்தது. விராலிமலைப் பக்கம் அவனுக்கு ஒரு பெண்ணைப் பேசி வைத்திருந்தோம். வந்ததும் நிச்சயம், வைகாசியில் கல்யாணம் என்று ஏற்பாடு.

புதன்கிழமை வருவதாகக் கடிதம் போட்டிருந்தான். செவ்வாய்க்கிழமை எங்கள் பசு கன்று போட்டது. சீம்பால் என்றால் அவனுக்கு உயிர். புதன் காலையில் கறந்த பாலில் வெல்லமும் ஏலக்காயும் சேர்த்து, மண்சட்டியோடு ஆவியில் வேகவைத்தேன். துண்டு போட வருகிற மாதிரி இறுகி வந்தது. அன்று அவன் வரவில்லை. கப்பல் தாமதம் என்பது பிற்பாடுதான் தெரிந்தது.

சட்டியை ஈரமணலில் புதைத்து, நனைத்த துணியைச் சுற்றி, காயக் காயத் தண்ணீர் தெளித்தேன். வியாழனும் அவனைக் காணோம்.

"புள்ளைகளுக்குக் குடுத்துரு. வந்தா அவனுக்கு வேற ஏதாச்சும் செஞ்சுக்கலாம்" என்றார் என் கணவர்.

எனக்கு மனசு வரவில்லை. நாளாக நாளாகப் பால் நீர்த்துவிடும். இந்தப் பதம் மறுபடி கிடைக்காது.

வெள்ளிக்கிழமை மத்தியானம் ஆலங்குடி பஸ்ஸிலிருந்து இறங்கி, பெட்டியும் கையுமாக வந்து நின்றான். அவனைக் கால் கழுவச் சொல்லிவிட்டுச் சட்டியைத் திறந்தேன். ஓரத்தில் நீர் கசிந்திருந்தது. லேசாகப் புளித்த வாடை. அது எனக்குத் தெரிந்தது என்பதைச் சொல்லித்தான் ஆக வேண்டும். நீரை வடித்துவிட்டு, இன்னும் நாலு ஏலக்காயைத் தட்டிப் போட்டு மறுபடி ஆவி காட்டினேன். சூடுபடுத்தினால் சரியாகிவிடும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

முதல் வாயில் அவன் கை ஒரு கணம் நின்றது. பிறகு, "நல்லாருக்குக்கா" என்றான்.

என் மகள் கிண்ணத்தோடு பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். அவன் சட்டியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டான்.

"இது மாமாவுக்கு வச்சது. ஒனக்கு அம்மா வேற தரும்."

அவள் அழுதாள். அவன் விட்டுக்கொடுக்கவில்லை. வழித்து எல்லாவற்றையும் தின்று முடித்தான். ஆறு வருஷத்து ஆசை என்று நான் பூரித்துப்போனேன்.

சாயங்காலம் வாந்தி ஆரம்பித்தது. மறுநாள் எழுந்திருக்க முடியவில்லை. புதுக்கோட்டைக்குக் கொண்டுபோனோம்.

"கெட்டுப்போன பால் பண்டம் ஏதும் சாப்பிட்டாரா?" என்று டாக்டர் கேட்டார்.

நான் வாய் திறக்கும் முன், "கப்பல்ல சாப்புட்டது ஒத்துக்கலைங்க" என்றான் தம்பி. நானும் பேசாமல் நின்றேன்.

டாக்டர் போன பிறகு கேட்டேன். "ஒனக்குத் தெரிஞ்சுதா?"

"மொத வாயிலயே தெரிஞ்சுச்சு."

"பெறகு ஏன்டா தின்னே?"

"நீ எம் மூஞ்சியையே பாத்துக்கிட்டு உக்காந்திருந்தே. எப்பிடிக்கா துப்புறது?"

வாந்தி நின்றும் வயிற்றுப்போக்கு நிற்கவில்லை. ஒரு மாதத்துக்கு மேல் படுத்த படுக்கையாகக் கிடந்தான். பெண் வீட்டுக்காரர்கள் ஒருநாள் பார்க்க வந்தார்கள். இரண்டு ஆரஞ்சுப் பழத்தை வைத்துவிட்டு, "ஒடம்பு தேறட்டும், பாப்போம்" என்று போனார்கள். வைகாசியில் அந்தப் பெண்ணை வேறிடத்தில் கொடுத்துவிட்டதாகத் தகவல் வந்தது. அவனிடம் சொன்னேன். சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டான்.

லீவு முடிந்து, தொளதொளத்த சட்டையோடு கப்பலேறினான். மாதம் ஒரு கடிதம் வரும். மழை, தோட்டம், என் பிள்ளைகளின் படிப்பு என்று இருக்கும். கல்யாணப் பேச்சை நான் எடுத்தால் அதற்கு மட்டும் பதில் இருக்காது.

எட்டு வருஷம் கழித்து, அவனோடு தங்கியிருந்த ஒருவர் எழுதினார். காய்ச்சலில் நாலு நாள் கிடந்து போய்விட்டானாம். அங்கேயே அடக்கம் செய்துவிட்டார்கள். கடிதத்தைப் படித்துக் காட்டிய என் கணவரிடம் அன்றைக்குத்தான் ஏலக்காய் தட்டிப் போட்டதைச் சொன்னேன். அவர் கடிதத்தை மடித்து என் கையில் கொடுத்துவிட்டு, மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போனார்.