விசிலும் தண்டவாளத் துண்டும்

எங்கள் வெள்ளவத்தை அடுக்குமாடியின் கீழே இப்போது மாலை வேளைகளில் தும்பு எரிக்கிறார்கள். டெங்குக் காலம், குறை சொல்ல முடியாது. காவல்காரர் பழைய பெயிண்ட் வாளியொன்றில் தேங்காய்த் தும்பைத் திணித்துப் பற்றவைத்து, அது புகையத் தொடங்கியதும் வாளியைத் தூக்கிக்கொண்டு கட்டடத்தை ஒரு சுற்றுச் சுற்றி வருவார். நேற்று அந்தப் புகை மூன்றாம் மாடிக்கு ஏறி வந்தபோது நான் ஊன்றுகோலைக்கூட எடுக்காமல் எழுந்துபோய் வாசற்கதவை அகலத் திறந்து, அதைப் பிடித்துக்கொண்டே நின்றிருக்கிறேன். மருமகள்தான் பார்த்தாள்.

"மாமா, நுளம்பு உள்ளுக்கு வரட்டுமெண்டோ திறந்து பிடிச்சுக்கொண்டு நிக்கிறியள்?"

இந்த வீட்டில் எனக்கும் கதவுகளுக்கும் இருக்கிற தகராறு எல்லோரும் அறிந்ததுதான். குளியலறைக்குள் போனால் தாழ்ப்பாள் போடமாட்டேன். உள்ளே ஆள் இருக்கிறது என்று காட்ட இருமிக்கொண்டே இருப்பேன். வீட்டில் உள்ளவர்களுக்கு அது பழகிவிட்டது. விருந்தாளிகள்தான் எனக்குக் காசநோய் என்று நினைத்து, கொண்டுவந்த பழங்களை வைத்துவிட்டு அவசரமாகப் புறப்பட்டுப் போகிறார்கள். இந்தக் கிறுக்குக்கு ஒரு காரணம் இருக்கிறது. இத்தனை வருடமும் யாருக்கும் சொன்னதில்லை. தும்புப் புகை மூக்கில் நிற்கும்போதே உங்களுக்குச் சொல்லிவிடுகிறேன்.

வெள்ளைக்காரன் காலம். யுத்தம் நடந்துகொண்டிருந்தது. நான் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து கொழும்புக் கோட்டையில் ஓர் அலுவலகத்தில் எழுதுவினைஞனாகச் சேர்ந்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. தங்கியது கொட்டாஞ்சேனையில், ஒரு தோட்டத்தில். தோட்டம் என்றதும் செடிகொடியை நினைத்துவிடாதீர்கள். ஒரு சந்துக்கு இரண்டு பக்கமும் பதினொன்று பதினொன்றாக இருபத்திரண்டு அறைகள். தகரக் கூரை. அறைக்கும் அறைக்கும் நடுவே தேயிலைப் பெட்டிப் பலகையால் ஒரு சுவர், அவ்வளவுதான். பக்கத்து அறையில் ஒருவர் தும்மினால் இங்கே நாங்கள் அவருக்கு நூறு ஆயுசு சொல்வோம். சந்து மூன்று பேர் தோளோடு தோள் நடக்கிற அகலம். தெருப்பக்கம் ஒரே ஒரு இரும்புக் கேற்று. மறுமுனையை ஒரு பெரிய மதில் அடைத்திருந்தது. மதிலுக்கு அந்தப்பக்கம் தும்புக் களஞ்சியம். கப்பலுக்குப் போகிற தும்புக் கட்டுகள் அங்கே கூரை முட்ட அடுக்கியிருக்கும். மழை பெய்தால் அந்த மணம் எங்கள் சோற்றுக்குள்ளும் இருக்கும்.

கேற்றை அடுத்த முதல் அறையில் ஹமீது நானா இருந்தார். தொப்பி தைத்து விற்கிறவர், நிதானமான மனிதர். கடைசி அறையில், மதிலோடு ஒட்டி, ரெஜினா அக்கா. கணவன் கப்பலில் போனவன், திரும்பி வரவில்லை. கலியாண உடுப்பும், தேவாலயத்தில் பிள்ளைகள் முதல்நன்மை வாங்கும்போது போடும் உடுப்பும் தைத்துக் கொடுத்துத்தான் அவர் சீவித்தார். வெள்ளைத் துணியில் அவர் போடும் பூவேலையைப் பார்ப்பதற்கென்றே பம்பலப்பிட்டியிலிருந்து கார் வைத்துக்கொண்டு பெண்கள் வருவார்கள். என் சட்டைக்குப் பொத்தான் விழுந்தால் கேட்காமலே தைத்து வைப்பார். வெள்ளிக்கிழமை நான் மீன் சாப்பிடமாட்டேன், கத்தோலிக்கரான அவரோ வெள்ளிக்கிழமையென்றால் இறைச்சியை விட்டு மீன்தான். ஆகவே அன்றைக்கு எனக்கென்று தனியாகப் பருப்பும் கீரையும் வரும்.

நாற்பத்திரண்டாம் வருடம் உயிர்த்த ஞாயிறன்று ஜப்பான்காரன் வந்து குண்டு போட்டான். எங்கள் தோட்டத்தில் ஒரு ஓட்டைகூட விழவில்லை. ஆனால் அன்றைக்கு ஆட்கள் தெருவுக்கு ஓடிய ஓட்டத்தில் ஒரு பிள்ளை தொலைந்து, பின்னேரம்தான் கிராண்ட்பாஸில் கிடைத்தது. அதன் பிறகு, விமானம் வந்தால் ஆட்களை ஒழுங்குபடுத்த ஒவ்வொரு வட்டாரத்துக்கும் வார்டன்மார் தேவைப்பட்டார்கள். எங்கள் தோட்டத்தில் இங்கிலீசு வாசிக்கத் தெரிந்தவன் நான் ஒருவன்தான். ஒரு இரும்புத் தொப்பியும் ஒரு விசிலும் விதிகள் அச்சிட்ட ஒரு இங்கிலீசுத் தாளும் தந்தார்கள். தொப்பி என் தலைக்கு இரண்டு அளவு பெரிசு. குனிந்தால் கண்ணை மூடும். இருந்தாலும் அதை மாட்டிக்கொண்டு கண்ணாடிக்கு முன்னால் எவ்வளவு நேரம் நின்றேன் என்பதை இந்த வயதில் சொல்ல வெட்கமாக இருக்கிறது.

அலுவலகத்தில் எனக்கு மேலே ஒன்பது பேர் இருந்தார்கள். தோட்டத்தில் எனக்குக் கீழே இருபத்தொரு குடும்பம். சும்மா இருப்பேனா? தந்த தாளில் இருந்தது பாதி, என் மண்டையில் உதித்தது பாதியாகச் சட்டங்கள் போட்டேன். விசில் நீளமாக ஊதினால் அவரவர் அறைக்குள் ஓடவேண்டும். கதவைத் தாழிட்டு, கனமான சாமானை அதற்கு முட்டுக்கொடுக்க வேண்டும். வெளியில் நெருப்புத் தெரிந்தாலும் பயந்து ஓடக்கூடாது, அது தீக்குண்டாக இருக்கும், மேலே விமானம் நிற்கும். ஒருவரும் தெருவுக்கு ஓடாதபடி ஹமீது நானா கேற்றைச் சங்கிலியால் கட்டிப் பூட்டிவிட்டுத் தன் அறைக்குள் போகவேண்டும். ஆபத்து நீங்கியதும் கேற்றுக்குப் பக்கத்தில் தொங்கவிட்டிருந்த தண்டவாளத் துண்டை நான் அடிப்பேன். அது கேட்கும்வரை எந்தக் கதவும் திறக்கப்படாது. வானத்திலிருந்து வருகிற ஆபத்துக்கு எல்லாம் யோசித்திருந்தேன். மதிலுக்கு அந்தப்பக்கம் இருந்த தும்பு ஒரு நாளும் என் நினைவுக்கு வரவில்லை.

முதலில் சிரித்தார்கள். அதிகம் சிரித்தது ரெஜினா அக்காதான். "தம்பிட தொப்பிக்குள்ள நாங்க எல்லாரும் ஒளிச்சாலும் இடமிருக்கும்" என்பார். பிறகு வாரத்துக்கு இரண்டு முறை பழக்கிப் பழக்கி, விசில் கேட்டு முப்பது எண்ணுவதற்குள் சந்து வெறிச்சோடும் நிலைக்குக் கொண்டுவந்தேன். எல்லோரிலும் வேகம் ரெஜினா அக்கா. சந்தில் யாருடைய பிள்ளை விளையாடிக்கொண்டிருந்தாலும் அள்ளிக்கொண்டு உள்ளே போய், தையல் மெசினையும் தகரப் பெட்டியையும் கதவோடு தள்ளி வைத்துவிடுவார். கிறிஸ்தவர்களுக்கு ஞாயிறு மணி இருப்பதுபோல எங்களுக்கு இந்த விசில் ஆகிவிட்டது.

ஒரு சனிக்கிழமை. அரைநாள் வேலை முடிந்து டிராமில் வந்து இறங்கி, கேற்றுக்குள் நுழைந்தேன். உச்சி வெயில். சாப்பிட்டுவிட்டுப் பாதிப்பேர் படுத்திருந்தார்கள், சிலர் வாசலில் இருந்து கதைத்துக்கொண்டிருந்தார்கள். நிமிர்ந்து பார்த்தால், மதிலுக்கு மேலே புகை. கறுப்பில்லை, மஞ்சளும் வெள்ளையும் கலந்த தடித்த புகை. தும்பு அப்படித்தான் எரியும், முதலில் சத்தமே இல்லாமல் உள்ளுக்குள்ளே தின்றுகொண்டு கிடக்கும். நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே மதில் உச்சியில் ஒரு சிவப்பு நாக்கு எட்டிப் பார்த்தது.

கழுத்தில் விசில் இருந்தது. ஊதினேன். என்னால் முடிந்த மட்டும் நீளமாக ஊதினேன்.

நான் பழக்கியது ஒன்றும் பிசகவில்லை. வாசலில் இருந்தவர்கள் எழுந்து ஓடினார்கள். தாய்மார் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு உள்ளே போனார்கள். கதவுகள் வரிசையாக அடைபட்டன. என் முதுகுக்குப் பின்னால் சங்கிலிச் சத்தம் கேட்டது. ஹமீது நானா கேற்றைப் பூட்டிவிட்டு, என்னைப் பார்த்து ஒரு முறை தலையசைத்துவிட்டுத் தன் கதவையும் சாத்திக்கொண்டார். எனக்கு என்ன நடக்கிறது என்று உறைக்கவில்லை. ஆட்கள் வெளியே வரவில்லையே என்று மறுபடி ஊதினேன். ஊத ஊத உள்ளே பெட்டிகளை இழுத்து முட்டுக்கொடுக்கிற சத்தம் கூடியது.

அந்தச் சந்தில் நான் தனியாக நின்றேன். ஒரு பக்கம் பூட்டிய கேற்று, மறுபக்கம் நெருப்பு, இரண்டு பக்கமும் அடைத்த கதவுகள். புகை மதிலைத் தாண்டி இறங்கிச் சந்துக்குள் நிறைந்துகொண்டு வந்தது. வாழ்க்கையில் அதற்குப் பிறகு எத்தனையோ பார்த்திருக்கிறேன், கலவரங்கள் உட்பட. அப்படி ஒரு பயம் வரவில்லை.

ஓடிப்போய்க் கடைசிக் கதவைத் தட்டினேன்.

"அக்கா, திறவுங்கோ. நெருப்பு."

"ஆர், தம்பியா? நீங்க ஏன் வெளியால நிக்கிறீங்க? உள்ளுக்குப் போங்க."

"நெருப்பு அக்கா, தும்புக் களஞ்சியம் எரியுது."

"தெரியும் தம்பி, மணக்குது. நெருப்பைக் கண்டு ஓடப்படாதெண்டு நீங்கதானே சொன்னீங்க. பிள்ளையள் ரெண்டு எனக்கிட்ட இருக்கு. பயப்படாதீங்க."

எனக்கு அவர் தைரியம் சொன்னார். நான் கதவை உதைத்தேன். குண்டு இல்லை, விமானம் இல்லை என்று கத்தினேன். புகை தொண்டைக்குள் போய்ப் பாதிச் சொல் வெளியே வரவில்லை. பிறகு உள்ளேயிருந்து, சின்னப்பிள்ளைக்கு எடுத்துச் சொல்கிற குரலில் அவர் சொன்னார்:

"கம்பி அடிக்கேல்லயே, தம்பி. கம்பி அடிச்சாத்தானே திறக்கலாம்."

அவர் சொன்ன பிறகுதான் எனக்கு அது ஞாபகம் வந்தது. உள்ளே நுழைந்தபோது என் தோளில் இடித்த தண்டவாளத் துண்டு. அதற்குப் பக்கத்தில் நின்றுதான் அந்த விசிலை ஊதியிருக்கிறேன்.

திரும்பிச் சந்து முழுக்க ஓடினேன். அடிக்கும் சுத்தியல் என் பூட்டிய அறைக்குள் இருந்தது. கேற்றடியில் கிடந்த கல்லை எடுத்து அடித்தேன். மூன்றாவது அடிக்குக் கதவுகள் படபடவென்று திறந்தன. ஹமீது நானா வெளியே வந்து மேலே பார்த்தார். "யா அல்லாஹ்" என்றார். பூட்டின் திறப்பைத் தேடி இடுப்பைத் தடவினார், பனியனைத் தடவினார். கூட்டம் அதற்குள் கேற்றில் வந்து மோதிவிட்டது. நெரிசலில் யாரோ அழுதார்கள். "தள்ளாதீங்கோ, திறப்பு ஈக்கிது, கையிலதான் ஈக்கிது" என்று அவர் சொல்வது கேட்டது. உண்மையில் அது முதலிலிருந்தே அவர் கைக்குள்தான் இருந்தது.

கேற்றுத் திறந்தது. எல்லோரும் வெளியே ஓடினார்கள். நான் மட்டும் உள்ளே போகப் பார்த்தேன். முடியவில்லை. மூன்று பேர் அகலச் சந்தில் நூறு பேர் எதிரே வந்தால் என்ன செய்வது? நான் காப்பாற்ற நினைத்தவர்களே என்னைத் தள்ளிக்கொண்டு தெருவில் விட்டார்கள். ரெஜினா அக்கா அவர்களில் இல்லை.

மெசினும் பெட்டியும் கதவோடு இறுகிப்போயிருந்தன. அதற்குள் கதவிலும் நெருப்புப் பற்றி இரும்பு சூடேறிவிட்டதால் அவரால் இழுக்க முடியவில்லை. இருந்தும் இழுத்திருக்கிறார். பக்கத்து அறையில் இருந்த துறைமுகத் தொழிலாளி ஒருவர்தான் பலகைச் சுவரை உதைத்து உடைத்தார். அந்த ஓட்டையால் முதலில் ஒரு பிள்ளை, பிறகு மற்றப் பிள்ளை, கடைசியாக அக்கா. பிள்ளைகளுக்கு ஒரு கீறலும் இல்லை. அக்காவின் இரண்டு கைகளும் முழங்கை வரை வெந்திருந்தன.

களஞ்சியம் மூன்று நாள் எரிந்தது. எங்கள் தோட்டம் ஒரு மணி நேரத்தில் முடிந்துவிட்டது. பள்ளிக்கூடத்தில் லண்டன் எரிந்த கதையைப் படித்திருக்கிறோம். எந்தப் பேக்கரியில் தொடங்கியது, எத்தனை நாள் எரிந்தது, பிறகு எப்படிக் கல்லால் கட்டினார்கள் என்று பரீட்சைக்குப் பாடமாக்கினோம். எங்கள் நெருப்பை யாரும் எந்தப் புத்தகத்திலும் எழுதவில்லை, எங்களுக்கு யாரும் கல்லால் கட்டித் தரவுமில்லை. இரண்டு கிழமை ஒரு பாடசாலை மண்டபத்தில் பாய் விரித்துப் படுத்தோம். அதற்குள் காணிக்காரர் இடத்தைக் களஞ்சியத்துக்கே கொடுத்துவிட்டார். துறைமுகத்துக் குடும்பங்கள் ஒருகொடவத்தைப் பக்கம் போயின. ஹமீது நானா கிராண்ட்பாஸில் ஒரு உறவினர் வீட்டுக்குப் போனார். நான் வெள்ளவத்தைக்கு வந்தேன். பலகைச் சுவருக்கு அந்தப்பக்கம் தும்மினால் ஆயுசு சொன்னவர்கள், பிறகு வீதியில் கண்டாலும் தலையை மட்டும் ஆட்டுகிறவர்களானோம்.

இதில் எனக்கு வாய்த்த தண்டனையைக் கேளுங்கள். எல்லோரும் எனக்கு நன்றி சொன்னார்கள். அந்த மண்டபத்தில் தாய்மார் வந்து என் கையைப் பிடித்து, "தம்பி விசில் ஊதாட்டி நித்திரையிலயே போயிருப்பம்" என்றார்கள். ஹமீது நானா தான் தைத்த தொப்பியொன்றை எனக்குத் தந்தார். ஒரு வெள்ளைக்கார அதிகாரி வந்து கைகுலுக்கி, இருபத்தொரு குடும்பங்களைக் காத்த வார்டன் என்று ஒரு கடிதமும் கொடுத்தார். ஒவ்வொரு முறையும் வாயைத் திறந்தேன். ஒவ்வொரு முறையும் "பரவாயில்லை" என்பதுதான் வந்தது. அந்தப் பொய்க்குள் போய் நானே கதவைச் சாத்தி முட்டுக்கொடுத்துக்கொண்டேன்.

ஆஸ்பத்திரிக்குப் போய் அக்காவைப் பார்த்தேன். இரண்டு கைகளிலும் துணிப்பொதி. தையற்காரிக்கு இனி ஊசி பிடிக்க முடியாது என்று தாதி வெளியிலேயே சொல்லியிருந்தார். கட்டில் அருகே நின்றேன். அவர் சுற்றிலும் ஒருமுறை பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

"நீங்க முதல்லயே கம்பியை அடிச்சிருக்கோணும், தம்பி."

"ஓம் அக்கா."

"நான் ஒருத்தருக்கும் சொல்லேல்ல. நீங்களும் சொல்லாதீங்க. சின்ன வயசு, வேலை போயிடும்."

அவரை அதன்பிறகு நான் பார்க்கவில்லை. சிலாபத்தில் தமையன் வீட்டுக்குப் போய்விட்டதாகச் சொன்னார்கள். ஒரு கடிதம் எழுதவேண்டும் என்று பத்து வருடம் நினைத்துக்கொண்டிருந்தேன். கை வழங்காதவருக்குக் கடிதம் எழுதினால் பதில் எழுத யாரைப் பிடிப்பார் என்று எனக்கு நானே ஒரு சாக்கும் சொல்லிக்கொண்டேன்.

போன வருடம் பேரன் காரில் கொட்டாஞ்சேனைப் பக்கம் கூட்டிப்போனான். சந்து இல்லை, கேற்று இல்லை, மதில்கூட இல்லை. தும்புக் களஞ்சியம் நின்ற இடத்தில் குளியலறை ஓடுகள் விற்கிறார்கள். ஹமீது நானா எப்போதோ போய்விட்டார், அந்த அதிகாரியின் சாம்ராச்சியமும் போய்விட்டது, கடிதத்தைக் கறையான் தின்றுவிட்டது. நான் ஊதிய விசிலுக்குக் கதவைப் பூட்டிக்கொண்ட பெரியவர்களில் இன்றைக்கு ஒருவர்கூட உயிரோடு இல்லை. அக்கா சொல்லாதே என்றதை எண்பது தாண்டும்வரை காப்பாற்றிவிட்டு இப்போது உங்களுக்குச் சொல்கிறேன். அன்றைக்கு அந்த மண்டபத்தில் அவர்களிடம் சொல்லியிருக்க வேண்டும்.