பதினாறு டிகிரியில் வியர்த்த சம்பந்தி

போன ஞாயிற்றுக்கிழமை ஓர் அதிசயம் பார்த்தேன். ஹாலில் புத்தம்புது ஏசி ஓடுகிறது. வெளியே சாரல் அடிக்கிறது. உள்ளே உட்கார்ந்திருப்பவர்களுக்கு வியர்த்துக் கொட்டுகிறது.

எப்படி நடக்கும் என்கிறீர்களா? தென்காசியை ஒட்டிய குத்துக்கல்வலசையில், என் மாமா வீட்டில் நடக்கும்.

மாமா மகள் சுபாவைப் பெண் பார்க்க மதுரையிலிருந்து வந்திருந்தார்கள். பெண் பார்ப்பதெல்லாம் சும்மா பேருக்கு. சுபாவும் பையனும் ஒரே ஆபீஸ். இருவரும் எப்போதோ முடிவு செய்துவிட்டார்கள். பாக்கி இருந்தது பையனுடைய அப்பாவின் சம்மதம் மட்டும். அவர் அரை மனதாகத்தான் கிளம்புகிறார் என்று முன்னாடியே தகவல் வந்துவிட்டது. வரவேற்பில் ஒரு குறை இருக்கக் கூடாது. ஆகவே மாமா ஏசி வாங்கினார்.

தென்காசியில், அதுவும் குற்றால சீசன் நேரத்தில், ஏசி எதற்கு? கேட்டேன். "ஏலே, மதுரைக்காரங்க... ஏசி இல்லாம இருக்க மாட்டாங்க" என்றார்.

மாட்டிய ஒரே வாரத்தில் பிரச்னை. வெளியே வைத்த யூனிட் கக்கிய அனல், காம்பவுண்ட் சுவரைத் தாண்டி, பக்கத்து வீட்டுத் தங்கராஜ் அண்ணாச்சியின் கறிவேப்பிலைச் செடி மேல் அடித்தது. செடி வாடியது. அண்ணாச்சியின் மனைவி எஸ்தர் அக்கா வந்து நியாயம் கேட்டார். பேச்சு வளர்ந்தது. கடைசியில் மாமா சுவரோரம் நின்று அறிவித்தார்: "இனிமே என் வீட்டுக் காத்துகூட உங்க பக்கம் வராது."

சொன்னதைச் செய்யும் மனிதர். ஆலங்குளத்திலிருந்து மெக்கானிக்கை வரவழைத்து, அந்த யூனிட்டைக் கழற்றி ஹால் மூலைக்கே கொண்டுவந்துவிட்டார். முன்னால் ஒரு பூப்போட்ட கர்ட்டன்.

மெக்கானிக் தயங்கினார். "அண்ணாச்சி, இத உள்ள வச்சா ரூம் கூலாகாது. சூடு வெளிய போவணும்லா."

"ரெண்டும் உள்ள இருந்தா டபுள் கூலிங்தானவே?"

நான் பிசிக்ஸ் படித்தவன். வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்க முடியுமா? ஏசி குளிரை உற்பத்தி செய்வதில்லை மாமா, இங்கே இருக்கிற சூட்டை அள்ளி இன்னோர் இடத்தில் கொட்டுகிறது, அவ்வளவுதான். சூடு அழியாது, அதோடு ஏசி தின்கிற கரண்டும் சூடாகத்தான் வெளியே வரும் என்று ஆரம்பித்தேன்.

"ஏலே, நீ போயி வடைக்குச் சொல்லிட்டு வா."

வெப்ப இயக்கவியலின் முதல் விதி வடைக் கடையோடு முடிந்தது.

ஞாயிறு காலை விருந்தினர்கள் நேரே ஐந்தருவிக்குப் போய்விட்டுத்தான் வந்தார்கள். தலை ஈரம்கூடக் காயவில்லை. நடுங்கிக்கொண்டே உள்ளே வந்தவர்களை உட்கார வைத்து, கூலிங் வெளியே போய்விடக் கூடாதென்று ஜன்னல் ஒன்று விடாமல் சாத்தினார் மாமா.

பத்து நிமிஷம். பையனின் அப்பா சட்டையில் ஒரு பட்டனைக் கழற்றினார். மாமா ரிமோட்டை எடுத்து இருபத்துநாலை இருபது ஆக்கினார். கர்ட்டனுக்குப் பின்னால் உறுமல் கூடியது. அவர் கர்ச்சீப் எடுத்தார். மாமா பதினெட்டு. பையனின் அம்மா வடைத் தட்டால் விசிறிக்கொண்டார். மாமா பதினாறு. அதற்குக் கீழே ரிமோட்டில் நம்பர் கிடையாது. இருந்தாலும் அழுத்திக்கொண்டே இருந்தார்.

அடுப்படி வாசலில் நின்று சுபா என்னையே பார்த்தாள். ஏதாவது சொல்லேன் என்கிற பார்வை.

நான் சொல்லவில்லை. ஏன்? உண்மையை ஒப்புக்கொள்கிறேன் — நான் இருந்தது ஏசிக்கு நேர் கீழே. ஜிலுஜிலுவென்றிருந்தது. அங்கே உட்கார்ந்தால் ஏற்பாட்டில் ஒரு குறையும் தெரியாது. ஊரில் பல ஏற்பாடுகள் பிரமாதமாக ஓடுவதாக நமக்குத் தோன்றுகிறதே... நாம் உட்கார்ந்திருக்கும் இடம் அப்படி.

பையனின் அப்பா எழுந்தார். கொஞ்சம் காத்தாட நின்றுவிட்டு வருவதாகச் சொல்லிவிட்டு வெளியே போனார். சுபாவின் முகம் செத்துவிட்டது.

வாசலில் நனைந்துகொண்டு நின்றவரைத் தங்கராஜ் அண்ணாச்சி பார்த்துவிட்டார். "அங்கன ஏன் சார் நனையுதீங்க? இங்கன வந்து இருங்க" என்று தன் போர்டிகோவில் ஒரு சேரை இழுத்துப் போட்டார். ஐந்து நிமிஷத்தில் அம்மாவும் அங்கே. அப்புறம் பையன். அப்புறம் கூட வந்த சித்தப்பா, சித்தி.

இரண்டாம் விதி வேறென்ன சொல்கிறது? சூடு தானாகவே சூடான இடத்திலிருந்து குளிர்ந்த இடத்துக்குப் போகும். யாரும் பிடித்துத் தள்ள வேண்டாம். சம்பந்திகளும் அப்படித்தான்.

சுபா யோசிக்கவில்லை. காபித் தட்டைத் தூக்கிக்கொண்டு பக்கத்து வீட்டுக்கு நடந்தாள். ஹாலில் மிச்சம் நானும் மாமாவும் பதினாறு டிகிரியும்.

கொஞ்ச நேரம் பொறுத்து மாமாவும் கிளம்பினார். தங்கராஜ் அண்ணாச்சி வீட்டு கேட் வரைக்கும் போய், உள்ளே போகாமல் நின்றார். எஸ்தர் அக்காதான் பார்த்தார். "உங்க காத்துதான வராதுன்னு சொன்னீங்க அண்ணாச்சி. நீங்க வரலாம்."

மாமா போய் ஓரமாக உட்கார்ந்தார். பையனின் அப்பா காபியைச் சொட்டு விடாமல் குடித்துவிட்டு, சாரலைப் பார்த்தபடி சொன்னார்: "எனக்குச் சம்மதம்தான். ஆனா ஒரே ஒரு கண்டிஷன்."

சுபாவின் கையில் தட்டு அப்படியே நின்றது. மாமாவுக்கு அந்தக் குளிரிலும் நெற்றியில் வியர்வை.

"கல்யாணத்த ஏசி இல்லாத மண்டபமாப் பாத்து வைங்க."

மறுநாளே ஆலங்குளம் மெக்கானிக் திரும்ப வந்தார். யூனிட் இப்போது மொட்டை மாடியில், வானத்தைப் பார்த்து ஊதிக்கொண்டிருக்கிறது. மேலே யாரும் கறிவேப்பிலை வளர்க்கவில்லை என்கிற தைரியம்தான்.