அம்மா அடித்த ஆராய்ச்சி மணி

வெளிநாட்டில் வேலை பார்த்த என் அத்தா லீவில் வரும்போதெல்லாம் எங்கள் வீட்டில் ஊட்டிக்குப் போவதாகத்தான் பேச்சு இருக்கும். எனக்கு ஒன்பது வயது ஆவதற்குள் நாங்கள் ஊட்டியைப் பேச்சிலேயே பலமுறை சுற்றிப் பார்த்துவிட்டோம். அத்தா வந்து இறங்கியதும் முதல் வாரம் பெட்டி பிரிப்பதிலும், பிரித்ததைப் பங்கு வைப்பதிலும், யாருக்கோ டார்ச் லைட் கிடைக்காமல் போன மனத்தாங்கலைத் தீர்ப்பதிலும் ஓடிவிடும். அப்புறம் கல்யாண வீடுகள், துக்கம் கேட்கப் போகவேண்டிய வீடுகள், மாடியில் பாதியில் நிற்கும் சுவரைக் காட்டிக் கொத்தனாரோடு ஒரு சண்டை. கண்ணை மூடித் திறப்பதற்குள் டிக்கெட் தேதி வந்து வாசலில் நிற்கும். அந்த வருஷமும் ஊட்டி அப்படியே சுருங்கிச் சுருங்கி, கடைசியில் ஜெயங்கொண்டம் பக்கம் ஒரு ராத்திரி தங்கிவிட்டு வருவது என்று ஆனது.

ஜெயங்கொண்டம் எங்கள் லப்பைக்குடிக்காட்டிலிருந்து மதியச் சோற்றைத் தின்றுவிட்டுக் கிளம்பினால் சாயங்கால அஸர் தொழுகைக்குப் போய்ச் சேர்ந்துவிடுகிற தூரம். அங்கே கூட்டிப் போக ஏற்பாடு செய்தவர் மாமா, அம்மாவின் தம்பி. கங்கைகொண்ட சோழபுரம் கோயிலைப் பார்க்க வரும் வெளியூர்க்காரர்களுக்காகப் புதிதாக ஒரு ரிசார்ட் கட்டியிருக்கிறார்கள், அங்கே ராத்திரி சாப்பாட்டோடு சோழ ராஜா நாடகமும் உண்டு, ராஜாவே வந்து நம்மோடு பேசுவார் என்று அவர் சொன்னதும் எனக்கு ஊட்டி மறந்தே போனது. மாமாவுக்கு வேறொரு கணக்கும் இருந்தது. பெரம்பலூரில் அவர் வைத்திருந்த ஹார்டுவேர் கடை நன்றாக ஓடிக்கொண்டிருந்தது. அத்தாவையும் அதில் கூட்டுச் சேர்த்துக்கொள்ள ஆசை. வேனில் போகும்போதே ஆரம்பித்துவிட்டார்.

“மச்சான், போதும் மச்சான். கேன்சல்ல வந்துடுங்க. நாம ரெண்டு பேரும் சேந்து கடையப் பாத்துக்கலாம்.”

எங்கள் ஊரில் ஆண்கள் வெளிநாட்டிலிருந்து வருவது இரண்டு விதம். ஒன்று லீவில் வருவது, இன்னொன்று விசாவையே கேன்சல் செய்துவிட்டு மொத்தமாக வருவது. லீவில் வந்தவரைப் பார்க்க வருகிறவர்கள் உட்காருவதற்கு முன்பே “எப்பப் பயணம்?” என்று கேட்பார்கள். என்னவோ அவர் திரும்பிப் போவதற்காகவே வந்தவர் மாதிரி.

“இன்னும் ஒரே ஒரு ரெண்டு வருஷம்டா,” என்றார் அத்தா.

அம்மா ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு வந்தாள். இந்தப் பேச்சில் அவள் ஒருநாளும் வாய் திறந்ததில்லை. பயணம் போகிறவரைப் போகாதீங்க என்று சொல்வது எங்கள் பக்கம் நல்லதில்லை. அதுவும் பொண்டாட்டி சொல்லிவிட்டால் தீர்ந்தது கதை. புருஷனை முந்தானையில் முடிந்து வைத்துக்கொண்டாள், பாதிச் சுவரோடு வீட்டை நிறுத்தினாள், நாத்தனார் கல்யாணத்தைக் கெடுத்தாள் என்று ஆளாளுக்குப் பேசுவார்கள். அதனால் அம்மா ஊறுகாய் போடுவாள், பொடி இடிப்பாள், பெட்டியில் துணி அடுக்குவாள். அத்தாவோடு அவள் பேசியதெல்லாம் அந்தப் பெட்டிக்குள் என்ன போகும், என்ன போகாது என்பதுதான் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

ரிசார்ட் வாசலிலேயே எங்களை மடக்கி, ஆண்களுக்கு ஜரிகைத் துண்டும் பெண்களுக்கு மல்லிகைச் சரமும் கொடுத்தார்கள். எனக்கு அட்டைக் கிரீடம் கிடைத்தது. புல்தரையில் வரிசையாகப் பாய் விரித்துக் குட்டை மேஜைகள் போட்டு வாழையிலை விரித்திருந்தது. அம்மா பரிமாறுகிறவரைக் கூப்பிட்டுக் கறி ஹலால்தானா என்று மெதுவாக விசாரித்தாள். தலைப்பாகை கட்டிய அந்த ஆள், “கறியே கெடையாதுக்கா, ராஜா சைவம்,” என்றார். மாமாவுக்கு முகம் விழுந்துவிட்டது. இவ்வளவு பெரிய ராஜ்ஜியத்தை வைத்துக்கொண்டு ஒரு ஆட்டை அறுக்க மனசு வராத ராஜாவா என்று சாம்பார் வருகிறவரை புலம்பிக்கொண்டிருந்தார்.

ராஜா பறை முழங்க வந்தார். நல்ல உயரம், முறுக்கிய மீசை, தொடை வரைக்கும் தொங்கும் வாள். கூட்டுக்கும் பொரியலுக்கும் நடுவே ஒரு போரை ஜெயித்தார். ரசம் வரும்போது கடல் கடந்து போய்விட்டு வந்தார். நான் சாப்பிடுவதை விட்டுவிட்டு அவரையே பார்த்துக்கொண்டிருந்தேன். அப்புறம்தான் மரச்சட்டத்தில் கட்டிய வெண்கல மணியைக் கொண்டுவந்து நடுவில் வைத்தார்கள். ஆராய்ச்சி மணியாம். குடிமக்களில் யாருக்குக் குறை இருந்தாலும் வந்து அடிக்கலாம், ராஜா அங்கேயே தீர்ப்புச் சொல்லுவார் என்று மந்திரி அறிவித்தார்.

சென்னையிலிருந்து வந்த ஒருவர் முதலில் போய், அப்பளம் இன்னும் வரவில்லை என்று முறையிட்டார். ஒரு பெண் தன் வீட்டுக்காரர் விடும் குறட்டையைப் பற்றிச் சொன்னாள். ராஜா குறட்டைக்காரரை யானைக் கொட்டடியில் படுக்கச் சொல்லித் தீர்ப்பளித்தார். ஒரே சிரிப்பு. மாமா சும்மா இருப்பாரா? அத்தாவைப் பிடித்துத் தள்ளிவிட்டார்.

அத்தா கலகலப்பானவர். மணியை அடித்துவிட்டு, “ராஜா, நான் ஊருக்கு வரும்போதெல்லாம் எஞ் சம்சாரம் தைலம், பாதாம், சோப்புன்னு சொல்லிச் சொல்லியே எம் பெட்டி வெடிச்சிரும்போல இருக்கு. நீங்கதான் காப்பாத்தணும்,” என்றார். எல்லாரும் கை தட்டினார்கள். அத்தனையும் ஊராருக்காகக் கேட்பது, அம்மா தனக்கென்று எதுவும் கேட்டதில்லை என்பது எனக்கே தெரியும். ராஜா வாளைத் தூக்கி, குற்றம் சாட்டப்பட்ட பெண் எழுந்து பதில் சொல்லட்டும் என்றார்.

அம்மா முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு உட்கார்ந்தே இருப்பாள் என்று நினைத்தேன். கடைக்காரரிடம் பாக்கிச் சில்லறையை வாய்விட்டுக் கேட்காத அம்மா. அவள் எழுந்தாள். இலையைத் தாண்டி நேரே மணிக்குப் போனாள். பதில் சொல்லக் கூப்பிட்டால் இவள் தன் பங்குக்கு மணியை அடித்தாள். அது கணீரென்று கேட்டது.

“ராஜா, இவரு அங்க போறத நிறுத்தச் சொல்லுங்க. ஒவ்வொரு தடவையும் ரெண்டு வருஷம், ரெண்டு வருஷம்னு சொல்லிட்டுப் போறாரு. இந்தப் புள்ளைக்கு அத்தா மூஞ்சி மறந்து மறந்து போவுது. என்னால முடியல ராஜா. விசாவக் கேன்சல் பண்ணச் சொல்லுங்க.”

விசா என்றதும் கூட்டம் குபீரென்று சிரித்தது. ராஜா கெட்டிக்காரர். நெற்றியைச் சுருக்கி, “விசாவா? அஃது எந்த நாட்டு ஓலை?” என்றார்.

“அரபு நாட்டு ஓலைங்க ராஜா,” என்றாள் அம்மா. அவள் சிரிக்கவில்லை. அதனாலேயே மற்றவர்களுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. பக்கத்துப் பாயில் ஒருவருக்குப் புரையேறிவிட்டது. மாமா ஒரு கையில் செல்போனைப் பிடித்துப் படம் எடுத்துக்கொண்டே இன்னொரு கையால் தொடையைத் தட்டித் தட்டிச் சிரித்தார்.

ராஜா எழுந்து நின்றார். “இம்மனிதன் இன்று முதல் சோழ மண்ணை விட்டு அகலக் கூடாது! கடல் தாண்டினால் சிறை! யாரங்கே, விலங்கு பூட்டுங்கள்!”

இரண்டு சேவகர்கள் ஓடிவந்து, வெள்ளிச் சாயம் பூசிய ஸ்பாஞ்சுச் சங்கிலியை அத்தாவின் கையில் மாட்டினார்கள். கூட்டம் கை தட்ட, நான் பாயின் மேல் ஏறி நின்று குதித்தேன். ராஜாவே சொல்லிவிட்டார், இனி என்ன? அத்தா சிரித்துக்கொண்டே வந்து உட்கார்ந்தார். சங்கிலியோடேயே பாயசம் குடித்தார். சேவகன் வந்து கழற்றப் போனபோது, “இருக்கட்டும் தம்பி, கொஞ்ச நேரம்,” என்றார். விளையாட்டை இன்னும் கொஞ்சம் நீட்டுகிறார் என்று எனக்கு ஒரே சந்தோஷம்.

சாப்பாடு முடிந்து அறைக்குத் திரும்பும்போது வேன் நிற்கும் இடத்தில் ராஜா டீ-சர்ட்டோடு பைக்கை உதைத்துக்கொண்டிருந்தார். கண் மை மட்டும் அழியவில்லை. பெரம்பலூர் பக்கத்துக் குரும்பலூர்க்காரராம். அம்மாவைப் பார்த்ததும் உதைப்பதை நிறுத்தினார்.

“அக்கா, சூப்பரா நடிச்சீங்கக்கா. முன்னாடி நாடகத்துல இருந்திருக்கீங்களா?”

“இல்லங்க தம்பி,” என்றாள் அம்மா. மாமாதான் அவர் தோளைத் தட்டி ராஜா சைவம் ஆனதைப் பற்றிக் கேலி பேசினார். ராஜாவிடம் பைக் இருந்ததில் எனக்குக் கொஞ்சம் ஏமாற்றம்தான். ஆனாலும் கட்டளை கட்டளைதானே என்று தேற்றிக்கொண்டேன்.

அடுத்த வாரமே அத்தாவின் பெட்டியைக் கயிறு போட்டுக் கட்டினார்கள். வாசலில் சொந்தக்காரர்கள் கூடி, அத்தா நல்லபடியாகப் போய்ச் சேர துஆ கேட்டுக்கொண்டிருந்தபோது, அத்தாவின் சட்டையைப் பிடித்து இழுத்து, “போகக் கூடாதுன்னு ராஜா சொன்னாருல்ல?” என்று கத்தினேன். கதை தெரிந்தவர்கள் தெரியாதவர்களுக்குச் சொல்ல, வாசல் முழுக்கச் சிரிப்பு. அத்தா என்னைத் தூக்கி முத்தம் கொடுத்துவிட்டு, “ஒரே ஒரு ரெண்டு வருஷம்,” என்றார். அம்மா என் கையை வலிக்கக் கிள்ளினாள். எதற்குக் கிள்ளினாள் என்று தெரியாமல் நான் அழுதேன்.

அந்த ஒரே ஒரு ரெண்டு வருஷம் திரும்பத் திரும்ப வந்தது. மாடிச் சுவர் முழுசாக எழும்பியது. அத்தைக்குக் கல்யாணம் நடந்தது. நான் காலேஜ் முடித்தேன். அம்மாவுக்குக் கர்ப்பப்பையை எடுத்தபோது திருச்சி ஆஸ்பத்திரியில் கையெழுத்துப் போட்டவர் மாமா. அத்தா போனில் அழுதார்.

போன வருஷம் அவர் கேன்சலில் வந்தார். சர்க்கரையும் முழங்கால் வலியும் கூடவே வந்தன. ஊர் முதன்முறையாக அவரிடம் எப்பப் பயணம் என்று கேட்கவில்லை. சாப்பிட்ட தட்டை அவரே கழுவி வைக்கிறார். எழுந்ததும் போர்வையை மடித்துத் தலைமாட்டில் வைக்கிறார். பலபேரோடு ஒரே ரூமில் கிடந்த பழக்கம் விடவில்லை. பிரிட்ஜைத் திறக்குமுன் அம்மாவிடம் கேட்கிறார். அம்மாவும் விருந்தாளியிடம் பேசுகிற மாதிரி, “உக்காருங்க, டீ கொண்டாறேன்,” என்கிறாள். இரண்டு பேருமே நல்லவர்கள். ஒருவரோடு ஒருவர் எப்படி இருப்பது என்றுதான் தெரியவில்லை.

இந்தப் பெருநாளன்று மாமா வந்திருந்தார். ஒவ்வொரு விசேஷத்துக்கும் அவர் அந்தப் பழைய வீடியோவைப் போட்டுவிடுவார். அது ஓடத் தொடங்கினால் அம்மா எழுந்து அடுப்படிக்குப் போய்விடுவாள், கூச்சம் என்று நினைத்துக்கொள்வோம். அன்றும் போய்விட்டாள். அத்தா போனைக் கண்ணுக்குக் கிட்டே வைத்துப் பார்த்துச் சிரித்தார். சிரிப்பு ஓய்ந்ததும் என்னிடம், “உங்கம்மா மட்டும் ஒரு வார்த்தை, போகாதீங்கன்னு நெசமா சொல்லியிருந்தா, நான் போயிருக்கவே மாட்டேன் தாயி,” என்றார்.

அம்மா பாயசக் கிண்ணத்தோடு அடுப்படி வாசலில் நின்றுகொண்டிருந்தாள். கோபம் இல்லை, அழவும் இல்லை. கிண்ணத்தை அத்தா முன்னால் வைத்தாள்.

“சொன்னேனே. எல்லாரும் கை தட்டுனீங்க.”

அத்தா கையில் வீடியோ இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. ராஜா தீர்ப்புச் சொல்லி முடித்துவிட்டார். கூட்டம் ஆரவாரம் செய்கிறது. முன்னால் அட்டைக் கிரீடம் வைத்த ஒரு சின்னப் பெண், பாயின் மேல் ஏறி நின்று, எல்லாரையும்விடச் சத்தமாகக் கை தட்டுகிறாள்.