கன்றுக்குட்டியின் துணி

ஈரச் சாக்கும் மாட்டின் மூச்சும் கலந்த வாடை ஒன்று உண்டு. மழை விடாமல் பிடித்துக்கொள்ளும் மார்கழியில், இந்த வயதிலும், எங்கிருந்தோ அது என் மூக்குக்கு வந்துவிடுகிறது. வந்ததும் எனக்கு எட்டு வயதாகிவிடுகிறது.

ஜப்பான்காரன் படையோடு வருவதற்குச் சில வருஷங்களுக்கு முன், கடல் தாண்டி வந்து, ஸ்கூடாய்ப் பக்கம் ஒரு ரப்பர்த் தோட்டத்தில், தொழிலாளர் வீட்டு வரிசையான ‘லயத்தில்’ குடியிருந்தோம். தம்பி பிறந்த கொஞ்ச நாளிலேயே அம்மாவைக் குளிர்காய்ச்சல் தள்ளிவிட, தோட்டத்து ஆஸ்பத்திரியில் படுக்க வைத்தார்கள். லயத்தில் பால் கொடுக்கக்கூடிய இன்னொருத்தியும் அடுத்த கட்டிலில்தான் கிடந்தாள். டின் பாலைத் தம்பி அப்படியே கக்கினான். எங்கள் ‘செவலை’ மாட்டின் பாலில் வெந்நீர் கலந்து கொடுத்தால் மட்டும் வயிற்றில் தங்கியது. அந்த நேரம் பார்த்துச் செவலையின் கன்று கழிச்சலில் செத்துப்போயிற்று.

கன்று போன மாடு பாலை அடக்கிக்கொள்ளும். அதற்கு அப்பா ஊரிலிருந்து கொண்டுவந்த வழி ஒன்று இருந்தது. கன்றின் தோலில் வைக்கோலைத் திணித்து முன்னால் நிறுத்தினால், தாய்மாடு அதை நக்கிக்கொண்டே சுரந்துவிடுமாம். ரப்பர்க் காட்டில் வைக்கோலுக்கு எங்கே போவது? ‘லாலான்’ புல்லைத் திணித்தார். மழையில் புல் புளித்து, தோல் நாறி, செவலை ஒருமுறை முகர்ந்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டது. அப்பா விடவில்லை. புல்லை மாற்றி, தோலில் சாம்பல் தேய்த்து, மாட்டின் பின்னங்காலைக் கட்டி, விளக்கெண்ணெய் தொட்டுக் காம்பை இழுத்துப் பார்த்துவிட்டு, மறுநாளும் அதே பொம்மையை அதே இடத்தில் நிறுத்தினார்.

“அடி மேல அடி வச்சா அம்மியும் நகரும்” என்பார்.

பக்கத்து வீட்டு மாரியாயி அக்கா கேட்டுவிட்டு, “அம்மிக்கு மனசு கெடையாதுண்ணே, இதுக்கு இருக்கே” என்றாள். வந்த கோபத்தில் அப்பா அவள் பக்கமே திரும்பவில்லை.

செம்பின் அடி நனையக்கூடப் பால் விழவில்லை. வெறும் கஞ்சித்தண்ணீரைக் குடித்துக் கிடந்த தம்பி அழுவதையே நிறுத்திவிட்டான். அவன் அழுதபோது இல்லாத பயம் அப்போதுதான் எனக்கு வந்தது.

ஒரு காலையில் குழந்தைத் துணி எதுவும் காயவில்லை. அடுப்புக்கு மேல் கொடியில், கன்று உயிரோடு இருந்தபோது குளிருக்காக அதன்மேல் போர்த்திய பழைய சேலைக் கிழிசல் மட்டும், துவைக்காமலே, காய்ந்து கிடந்தது. வேறு வழியில்லாமல் தம்பியை அதில் சுற்றி, தனியே விட மனமில்லாமல், மாட்டுக் கொட்டகைக்குத் தூக்கிப்போய் அப்பாவுக்குப் பக்கத்தில் நின்றேன். செவலை தலையைத் திருப்பித் துணியை முகர்ந்தது. பிறகு அந்தச் சொரசொரப்பான நாக்கால் தம்பியின் உச்சந்தலையை நக்க ஆரம்பித்தது. “ஏய், தள்ளி நில்லு” என்று அதட்டிக்கொண்டே எழப்போன அப்பா, காம்பிலிருந்து பால் தானாகச் சொட்டுவதைப் பார்த்து அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

“அசையாத தாயி” என்று மட்டும் என்னிடம் சொன்னார்.

செம்பு நுரை தட்டும்வரை என் கை வலித்ததுகூடத் தெரியவில்லை. கறந்து முடித்ததும் அப்பா லாலான் பொம்மையைத் தூக்கிக்கொண்டுபோய் மழையிலேயே புதைத்துவிட்டு வந்தார்.

காய்ச்சல் தெளிந்து அம்மா வந்தபோது, தம்பியைக் காட்டாமல் செவலையைக் கறக்கவே முடியாது என்றாகியிருந்தது. “நான் பெத்ததை இது தன் கன்னுக்குட்டின்னு நெனச்சிக்கிட்டு இருக்கு” என்று முறைத்த அம்மா, தவிட்டை மட்டும் ஒரு கை கூடவே அள்ளிப் போட்டாள். அதன் பிறகு வீட்டில் எந்தக் காரியம் முரண்டு பிடித்தாலும் “துணிய மாத்திப் பாரு” என்று சொல்வது அப்பாதான். அம்மியை அவர் மறுபடி இழுக்கவே இல்லை.

இப்போது அங்கே லயமும் இல்லை, கொட்டகையும் இல்லை. வரிசை வீடுகளும் கார்களும்தான். அப்பாவும் அம்மாவும் போய்விட்டார்கள். தம்பிக்குத் தலை முழுக்க வழுக்கை. போன வாரம் இருவரும் அந்த வழியாகப் பஸ்ஸில் போனோம். அவனுக்கு எதுவும் நினைவிருக்க வழியில்லை. எல்லாம் நாங்கள் சொல்லிக் கேட்டதுதான். இருந்தாலும் அந்த இடம் வந்தபோது, பேச்சை நிறுத்தாமலே, அவன் கை தானாக உச்சந்தலைக்குப் போயிற்று.