கீரிக் கரையில் இரண்டாவது கயிறு

கீரிக் கடற்கரையில் பிற்பகல் மூன்று மணி. இரவுக்குள் புயல் வரும் என்று கோயில் ஒலிபெருக்கி திரும்பத் திரும்பச் சொல்கிறது. பனையடியில் இழுத்துக் கட்டிய படகுக்குள் ஒரு பெண் வாளி வாளியாகக் கடல்நீரை ஊற்றுகிறார்.

"படகுக்குள்ள ஏனக்கா தண்ணி ஊத்துறீங்கள்?"

"வெறும் படகைக் காத்துத் தூக்கி எறிஞ்சுபோடும், தம்பி. பாரம் வேணும்."

நானும் வாளி பிடிக்கிறேன். புயலுக்கு ஒதுங்கப் பள்ளிக்கூடத்துக்கு ஆட்களை ஏற்றும் வான் வண்டி ஹோர்ன் அடிக்கிறது. அவர் ஏறப் போகவில்லை. பக்கத்துப் பனையில் இன்னொரு கயிற்றைக் கட்டி, நுனியை மணலில் விடுகிறார்.

"இது ஆரின்ரை படகுக்கு?"

"கொழுந்தன்ரை. புயலெண்டு அறிவிக்க முதலே விடியக் கடலுக்கு வெளிக்கிட்டவை. என்ரை மனுசனும் அதிலதான் போனவர்."

அந்தக் கயிற்றின் அருகே வாளியை நிரப்பி வைக்கிறார்.